மூட்டைக்குள் பூதம்

உபாத்தியாயராக இருப்பவருக்கு இலக்கணம் தெரியும், கணக்குத் தெரியும், பக்கத்து வீட்டுக் கடிகாரம் ஏன் நின்று போயிற்று என்பதும் தெரியும் என்று நம் ஜனங்களுக்கு ஓர் அசையாத நம்பிக்கை உண்டு. அந்த நம்பிக்கையின் பலனாகச் சென்ற மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, நாம் காப்பி அருந்திக் கொண்டிருந்த சமயத்தில், நமது மாணாக்கன் ஒருவனுடைய தகப்பனார் நம்மைத் தேடிக்கொண்டு வந்து சேர்ந்தார். நாலைந்து ஜவுளிக் கடைகளுக்குக் கணக்கு எழுதிக் கொடுத்து ஜீவனம் செய்கிறவர். இரைந்து பேசி அறியாதவர்.

"ஸார், எங்கள் வீட்டுக் கம்ப்யூட்டரை ஏதோ பேய் பிடித்திருக்கிறது" என்றார்.

நாம் சிரித்தோம். அவர் சிரிக்கவில்லை.

"இராத்திரி, ஒருவரும் தொடாத வேளையில், அதன் உள்ளே இருக்கும் விசிறி 'கொர்' என்று சுற்றுகிறது, ஸார். விளக்கைப் போட்டுக்கொண்டு கிட்டப் போய் மவுஸை அசைத்தால் உடனே அடங்கிவிடுகிறது. பகலில் ஒரு பேரேட்டுப் பக்கத்தைத் திறப்பதற்குள் நான் குளித்துவிட்டே வந்துவிடலாம். நீங்கள் ஒரு தடவை வந்து பார்க்க வேண்டும்."

சென்று பார்த்தோம். பையன் பதினொன்றாம் வகுப்பில் படிக்கிறான், புத்திசாலி. நம்மைக் கண்டதும் கதவுக்குப் பின்னால் நின்றுகொண்டு, சுவரில் தொங்கிய காலண்டரை வெகு சிரத்தையுடன் ஆராயத் தொடங்கினான். பேய் யாருடைய விருந்தாளி என்பது நமக்கு அப்போதே விளங்கிவிட்டது. தகப்பனார் அப்பால் சென்றதும் விஷயம் வெளியே வந்தது.

"கடையில் விற்கிற விளையாட்டு அறுபது கிகாபைட்டுக்கு மேல் இருக்கிறது, ஸார். நான் எடுத்தது அதில் பாதிகூட இல்லை. இறக்குவதற்கு இரண்டு இராத்திரி. அவிழ்ப்பதற்கு ஐந்து மணி நேரம். ஆனால் அவிழ்த்த பிறகு ஒன்றுகூடக் குறையவில்லை."

வீரமும் பயானகமும் கலந்த விளையாட்டுக்களில் இக்காலத்துப் பிள்ளைகளுக்கு உள்ள மோகத்தை வாசகர்கள் அறிவார்கள். இருண்ட மாளிகை, கையில் ஒரு துப்பாக்கி, அதில் நாலே நாலு தோட்டா, எதிரே ஐந்து பிணங்கள் எழுந்து நடந்து வருகின்றன, இதுதான் சாராம்சம். இத்தகைய விளையாட்டின் பூட்டை எவரோ உடைத்து, வேறு எவரோ அதைச் சிறு மூட்டையாகக் கட்டி, விலையின்றி உலகத்துக்கு வழங்குகிறார்கள். இந்த மூட்டைக்கு 'ரீபேக்' என்று பெயர்.

பையன் நம்மிடம் இரண்டு கேள்விகள் கேட்டான். "அவ்வளவு பெரியதை எப்படி ஸார் இவ்வளவு சிறியதாகக் கட்டினார்கள்?" என்பது முதற் கேள்வி. "காசு இல்லாதவன் என்ன ஸார் செய்வது?" என்பது இரண்டாவது. இரண்டும் நல்ல கேள்விகள். முதற் கேள்விக்கு அங்கேயே பதில் சொன்னோம். இரண்டாவதற்குப் பதில் சொல்ல நமக்கு ஒரு வாரம் பிடித்தது.

ஷை என்னும் வித்தை

மேஜையின்மேல், கம்ப்யூட்டர் வாங்குவதற்கு முன் தகப்பனார் கையால் எழுதிய பழைய பேரேடு ஒன்று கிடந்தது. அதைப் பிரித்துக் காட்டினோம். 'சின்னாளப்பட்டிச் சேலை' என்று ஒரு வரியில் எழுதியிருந்தது. அதன் கீழ்ப் பதினாறு வரிகளில் அந்தப் பெயரே இல்லை. ௸ என்ற குறிதான் வரிசையாக நின்றது. நம் கணக்கர்கள் இதனை 'ஷை' என்றும் 'மேற்படி' என்றும் வாசிப்பார்கள். வருஷத்துக்கு ௵, மாதத்துக்கு ௴, ரூபாய்க்கு ௹ என்று சுருக்கக் குறிகள் வகுத்துக்கொண்டவர்களுக்கு, காகிதத்தை மிச்சம் பிடிக்கும் வித்தையை எவரும் கற்றுத்தர வேண்டியதில்லை.

1977-ஆம் வருஷத்தில் ஆபிரகாம் லெம்பெல், யாகோப் ஸிவ் என்ற இஸ்ரேல் நாட்டு அறிஞர் இருவர் வெளியிட்ட முறையும் அடிப்படையில் இந்த ஷைதான். முன்பு வந்த தொடர் மறுபடியும் வந்தால் அதைத் திரும்ப எழுதாதே. 'இத்தனை எழுத்துப் பின்னோக்கிப் போய், இத்தனை எழுத்தை எடுத்துக்கொள்' என்று குறித்துவிடு. படிக்கும் யந்திரம் திரும்பிப் போய் எடுத்து நிரப்பிக்கொள்ளும். ஓர் எழுத்தும் நஷ்டமாவதில்லை.

இதனோடு சேர்ந்து வேலை செய்வது இன்னொரு வித்தை. அமெரிக்காவில் மாஸசூஸெட்ஸ் தொழில் நுட்பக் கழகத்தில் ராபர்ட் ஃபானோ என்னும் பேராசிரியர் தம் மாணவர்களிடம், "பரீட்சை எழுதுகிறீர்களா, அல்லது அதற்குப் பதில் ஒரு கட்டுரை எழுதுகிறீர்களா?" என்று கேட்டார். டேவிட் ஹஃப்மன் என்ற மாணவர் கட்டுரையைத் தேர்ந்துகொண்டார். அடிக்கடி வருகிற எழுத்துக்குச் சிறிய குறி, அபூர்வமாக வருகிறதற்கு நீண்ட குறி என்று வகுப்பதில் மிகச் சிக்கனமான வழியை அவர் கண்டுபிடித்தார். 1952-இல் அது அச்சாயிற்று. பரீட்சைக்குப் பயந்தவர்களால் உலகத்துக்கு நன்மையே விளையாது என்று இனி நாம் வகுப்பில் சொல்லப்போவதில்லை.

ரீபேக் கட்டுகிறவர்கள் இந்த இரண்டு வித்தைகளையும் உச்சிக்குக் கொண்டுபோகிறார்கள். விளையாட்டுக் கம்பெனி தன் சரக்கை ஏற்கனவே ஒருவாறு சுருக்கித்தான் அனுப்புகிறது. ஆனால் ஆடும்போது நொடிப்பொழுதில் அவிழ வேண்டுமென்பதால் இலேசாகவே முடிச்சுப் போடுகிறது. மூட்டைக்காரர் முதலில் அந்த முடிச்சுக்களை அவிழ்த்துவிடுகிறார். சாமான் முன்னைவிடப் பெரிதாகப் பரந்து கிடக்கிறது. பிறகு ஒரு மூலையில் உள்ள சாமான் எங்கோ கோடியில் இருக்கிற இன்னொரு மூலையில் திரும்ப வருகிறதா என்று முழுக் கிடங்கையும் துருவிப் பார்த்து, வந்த இடத்திலெல்லாம் ஷை போடுகிறார். இறுதியாக, 7-ஜிப் என்னும் இலவச மென்பொருளைத் தந்த ரஷ்யரான இகோர் பாவ்லோவ் வகுத்த எல்.ஸெட்.எம்.ஏ. போன்ற வலிய முறையில் இறுக்கிக் கட்டுகிறார். ஆங்கிலம் மட்டும் தெரிந்தவன் பிரெஞ்சுப் பேச்சையும் ஜப்பானியப் பேச்சையும் இறக்காமல் விட்டுவிடவும் வழி செய்கிறார்.

நம் வீட்டில் இதையெல்லாம் தலைகீழாகச் செய்ய வேண்டும். ஒவ்வொரு முடிச்சையும் கம்பெனி போட்டபடியே திரும்பப் போட வேண்டும். அதனால்தான் ஐந்து மணி நேரம். இன்டர்நெட்டில் மிச்சமாகிற காலத்தை நம் யந்திரத்தின் உழைப்பாகக் கொடுக்கிறோம். கம்பி மெதுவாக உள்ள ஊரிலும், அளவு பார்த்துப் பணம் வாங்கும் ஊரிலும் இது இலாபமான பண்டமாற்றுத்தான்.

சிறியதாகக் கட்டுவது குற்றமா?

சுருக்கிக் கட்டும் தொழில் திருடர்களுக்கே உரியது என்று எவரும் எண்ணிவிட வேண்டாம். பயங்கர விளையாட்டுக்களின் சரித்திரத்திலேயே யோக்கியமான மூட்டைகள் பல இருக்கின்றன.

1993-ஆம் வருஷம் டிசம்பர் 10-ஆம் தேதி அமெரிக்காவில் ஐடி ஸாஃப்ட்வேர் என்னும் சிறு கூட்டத்தார் 'டூம்' விளையாட்டை வெளியிட்டார்கள். நரகத்துப் பிசாசுகளைச் சுட்டுத் தள்ளுகிற ஆட்டம் அது. அதன் முதற் பாகம் இரண்டு நெகிழ்தட்டுக்களில் அடங்கும்படி சுருக்கப்பட்டிருந்தது. அதை எவரும் நகல் எடுத்து எவருக்கும் கொடுக்கலாமென்று உரியவர்களே அனுமதித்திருந்தார்கள். ருசி கண்டவர்கள் மற்றப் பாகங்களைக் காசு கொடுத்து வாங்கினார்கள்.

ஜப்பானியக் கம்பெனியான காப்காமின் 'ரெஸிடென்ட் ஈவில் 2' 1998-இல் இரண்டு குறுந்தகடுகளில் வெளிவந்தது. அதை நின்டெண்டோ 64 என்னும் யந்திரத்துக்குக் கொண்டுவர வேண்டியிருந்தது. அந்த யந்திரத்திலோ தகடு கிடையாது. 64 மெகாபைட் மட்டுமே கொள்ளும் ஒரு கெட்டிப் பெட்டிதான். கலிபோர்னியாவில் ஏஞ்சல் ஸ்டூடியோஸ் என்ற நிறுவனத்தார், படக்காட்சிகள் உள்பட இரண்டு தகட்டுச் சரக்கையும் 1999-இல் அந்தப் பெட்டிக்குள் அடக்கிக் காட்டினார்கள். படம் சற்று மங்கிற்று; கதை மங்கவில்லை.

இன்னொரு விந்தை ஜெர்மனியில் நிகழ்ந்தது. 2004-இல் அந்நாட்டு இளைஞர் சிலர் '.க்ரீகர்' என்ற விளையாட்டைச் செய்தார்கள். இருண்ட தாழ்வாரங்கள், பாய்ந்து வரும் யந்திர ஜந்துக்கள், துப்பாக்கிகள் எல்லாம் உண்டு. மொத்தப் பருமன் 96 கிலோபைட்! ஒரு சாதாரணப் புகைப்படம் இதைவிடப் பெரியது. அவர்கள் சுவரின் படத்தைச் சேமிக்கவில்லை. சுவரை வரைவதற்கான கணக்கைச் சேமித்தார்கள். பலகாரத்தை மூட்டை கட்டி அனுப்பாமல் பக்குவத்தை மட்டும் கடிதத்தில் எழுதி அனுப்புவது போன்றது இது.

ஆகவே, சிறியதாகக் கட்டுவது கலை. பிறர் சரக்கைக் கேளாமல் கட்டுவது வேறு விஷயம். இரண்டையும் ஒன்றாகக் குழப்பினால் பையனுக்கு வித்தையின்மேல் வெறுப்பு உண்டாகும். அல்லது திருட்டின்மேல் மரியாதை உண்டாகும். இரண்டும் தவறு.

நமது பூர்வாசிரமம்

இவ்விடத்தில் நாம் ஒன்றை ஒப்புக்கொள்ளாவிட்டால் நமது உபதேசத்துக்கு மதிப்பிராது. 2000-ஆம் வருஷத்தையொட்டி நாம் கல்லூரியில் வாசித்த நாட்களில், அறைத் தோழர்கள் நால்வர் காசு சேர்த்து ஒரு கடையில் ஐம்பது ரூபாய்க்குக் கள்ளத் தகடு ஒன்று வாங்கினோம். அதே 'ரெஸிடென்ட் ஈவில் 2'. நடு நிசியில் விளக்கை அணைத்துவிட்டு, நால்வரும் ஒரே போர்வைக்குள் அமர்ந்து ஆடினோம்.

பயமே வரவில்லை! பிணங்கள் எழுந்து வந்தன. நாம் கொட்டாவி விட்டோம். இதற்கா ஊரெல்லாம் நடுங்குகிறது என்று பரிகாசம் செய்துவிட்டுப் படுத்துவிட்டோம்.

காரணம் பல வருஷங்களுக்குப் பின்னரே தெரிந்தது. அந்தக் காலத்தில் மூட்டை கட்டுகிறவர்கள் ஷை போட்டுச் சுருக்கியதோடு நிற்கவில்லை, கத்தரிக்கோலையும் எடுத்தார்கள். பருமனைக் குறைப்பதற்காகப் படக்காட்சிகளையும் சங்கீதத்தையும் வெட்டி எறிந்துவிட்டு மிச்சத்தை விற்றார்கள். பயானகத்துக்கு உயிர் நாடி காது. கதவு கிறீச்சிடுகிறது, எங்கோ ஒரு கால் தரையில் இழுபடுகிறது, சங்கீதம் திடீரென்று நின்றுபோகிறது. வருவது இன்னதென்று தெரியுமுன்பே மயிர்க் கூச்செடுக்கிறது. இதை அமைத்தவர்கள் மாதக்கணக்கில் உழைத்தது அந்த ஒரு கணத்துக்காகவே. அதை வெட்டி எறிந்துவிட்டு நமக்கு விற்றவன் விளையாட்டுக் கம்பெனியைமட்டும் ஏமாற்றவில்லை, நம்மையும் ஏமாற்றினான். நாமோ, ஒன்றும் அறியாமல், கலைஞனைப் பரிகசித்தோம்.

இக்காலத்து மூட்டைக்காரர்களில் தேர்ந்தவர்கள் எதையும் வெட்டுவதில்லையாம். நல்லது. ஆனால் வெட்டினார்களா, சேர்த்தார்களா என்று ஆடுகிறவனால் கண்டுபிடிக்க முடியுமா? அந்தக் கேள்விக்குப் பிறகு வருவோம்.

பூட்டினால் அவதி யாருக்கு?

கம்பெனிகளின் பக்கம் முழு நியாயமும் இருக்கிறதென்று சொல்லவும் நமக்கு மனம் வரவில்லை. 2021-ஆம் வருஷம் மே மாதத்தில் காப்காம் 'ரெஸிடென்ட் ஈவில் வில்லேஜ்' என்ற விளையாட்டை வெளியிட்டது. கள்ளப் பிரதியைத் தடுப்பதற்காக அதில் பூட்டுக்குமேல் பூட்டாகப் போட்டிருந்தார்கள். கம்ப்யூட்டரில் வாங்கி ஆடியவர்கள் ஒரு விசித்திரத்தைக் கண்டார்கள். எதிரியைக் குறி பார்த்துச் சுடுகிற சரியான தருணத்தில் படம் இடறி இடறி நின்றது. ஜூலை மாதத்தில் ஒருவர் பூட்டை உடைத்து வெளியிட்டார். அந்தக் கள்ளப் பிரதியில் படம் இடறவில்லை! டிஜிட்டல் ஃபவுண்டரி என்னும் பரிசோதகர்கள் இரண்டையும் ஒப்பிட்டுப் பார்த்து, இது மெய்யென்று அறிவித்தார்கள். அதன் பிறகு அதே மாதத்தில் கம்பெனி திருத்தம் வெளியிட்டது.

முழுக் காசு கொடுத்தவன் இரண்டு மாதம் அவதிப்பட்டான். காசு கொடாதவன் சுகமாக ஆடினான். வாசலில் சுங்கச் சாவடியை வைத்து வாங்குகிறவனைச் சோதித்துக்கொண்டே இருந்தால், புறக்கடை வழியாகப் போகிறவன் புத்திசாலி என்று பெயரெடுத்துவிடுகிறான்.

இதற்கு மறுபுறத்துச் சாட்சி ரஷ்யாவிலிருந்து கிடைக்கிறது. அந்நாட்டில் 1990-க்களில் வெளிநாட்டு விளையாட்டுக்கள் ரஷ்ய மொழியில் முறைப்படி வருவதே அபூர்வம். கள்ளத் தகடு விற்றவர்களே ஆள் வைத்து மொழிபெயர்த்துப் பேசி விற்றார்கள். 'ஃபார்குஸ்' என்ற கள்ள முத்திரை அங்கே வீட்டுக்கு வீடு பிரசித்தம். அந்த நாட்டில் வியாபாரமே செய்ய முடியாதென்று பல கம்பெனிகள் கைவிட்டிருந்தன. ஆனால் ஸ்டீம் என்னும் இணையக் கடையை நடத்தும் வால்வ் நிறுவனத்தின் தலைவர் கேப் நியூவெல் 2011-இல் வேறு விதமாகச் சொன்னார். கள்ளப் பிரதி என்பது பெரும்பாலும் விலைத் தகராறு அல்ல, சேவைத் தகராறு என்பது அவர் கட்சி. கள்ளன் ரஷ்ய மொழியில், உடனே, வீட்டுக்கே கொண்டுவந்து கொடுத்தான். கடைக்காரனும் அப்படிக் கொடுத்தபோது, ரஷ்யா ஐரோப்பாவில் அவர்களுக்குப் பெரிய சந்தைகளில் ஒன்றாயிற்று.

2022-இல் உக்ரேன் மீது படையெடுப்பு நிகழ்ந்த பின்னர் மேல்நாட்டுக் கம்பெனிகள் பல ரஷ்யாவில் விற்பனையை நிறுத்திவிட்டன. அதன் அரசியல் நியாயம் வேறு. ஆனால் கடை மூடியிருக்கும் தெருவில் மூட்டைக்காரனுக்குக் கூவ வேண்டிய அவசியங்கூட இல்லை என்பது தெளிவு.

கிடைக்காத புத்தகங்கள்

இன்னொரு நியாயத்தையும் மறைக்கக்கூடாது. 2023-இல் அமெரிக்காவின் வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் ஓர் ஆராய்ச்சியை வெளியிட்டது. அந்நாட்டில் 2010-க்கு முன் வெளிவந்த விளையாட்டுக்களில் நூற்றுக்கு 87 இப்போது எந்தக் கடையிலும் கிடைப்பதில்லை என்று அது கூறிற்று. பயங்கர விளையாட்டுக்களுள் காவியம் என்று போற்றப்படும் 'ஸைலன்ட் ஹில் 2' ஒரு நல்ல திருஷ்டாந்தம். இருபது வருஷத்துக்கு முந்தைய அதன் கம்ப்யூட்டர்ப் பதிப்பை இணையக் கடைகளில் விற்கவில்லை. ரஸிகர்கள் சிலர் தங்கள் சொந்தச் செலவில் உட்கார்ந்து அதன் பழுதுகளைத் திருத்தி, புதிய யந்திரங்களில் ஓடும்படி செய்து வருகிறார்கள். 2024-இல் வெளிவந்தது புதிதாகச் செய்த வேறு படைப்பு; பழைய ஓவியத்தை அழித்துவிட்டுப் புதிய ஓவியம் மாட்டினால் இரண்டும் ஒன்றாகிவிடாது.

விற்க மாட்டேன், நகல் எடுக்கவும் விட மாட்டேன் என்று உரியவர் சொல்லும்போது, பழைய படைப்புக்கள் அழியாமல் இருப்பதற்குக் கள்ள மூட்டைகளே காரணமாகிவிடுகின்றன. அச்சில் இல்லாத புத்தகத்துக்குக் கைப்பிரதி எடுப்பவனை, நேற்று வந்த புத்தகத்தைத் திருட்டுத்தனமாக அச்சிடுகிறவனோடு சேர்த்து நிறுத்த நமக்கு விருப்பமில்லை. ஆனால் சட்டம் இவ்விருவரையும் சுலபத்தில் வேறுபடுத்துவதில்லை. நமது 1957-ஆம் வருஷத்துப் பதிப்புரிமைச் சட்டத்தில் 1994-இல் சேர்த்த 63-பி பிரிவின்படி, கள்ளப் பிரதி என்று தெரிந்தே ஒரு மென்பொருளைக் கம்ப்யூட்டரில் உபயோகிப்பவனுக்கு ஏழு நாள் முதல் மூன்று வருஷம் வரை சிறையும், ஐம்பதினாயிரம் முதல் இரண்டு லக்ஷம் வரை அபராதமும் உண்டு. இலாபத்துக்காகச் செய்யவில்லை என்றால் சிறையைக் கோர்ட்டார் தள்ளுபடி செய்யலாம்.

மலைப் பூதம்

இப்போது அந்த வீட்டு விசிறிக்கு வருவோம்.

பொஹீமிய நாட்டுக் கிழவிகள் குழந்தைகளுக்குச் சொல்லும் கதைகளில் க்ரக்கோனோஷ் என்று ஒரு மலைப் பூதம் வரும். 2021-இல் அவாஸ்ட் என்னும் செக் நாட்டுப் பாதுகாப்புக் கம்பெனியார் ஒரு நச்சு மென்பொருளைக் கண்டுபிடித்து, அந்தப் பூதத்தை நினைத்தே 'க்ராக்கொனோஷ்' என்று பெயரிட்டார்கள். பூட்டுடைத்த விளையாட்டுக்களுக்குள் ஒளிந்துகொண்டு அது இரண்டு லக்ஷத்து இருபத்திரண்டாயிரத்துக்கு மேற்பட்ட கம்ப்யூட்டர்களில் புகுந்திருந்தது. புகுந்ததும், காவல் மென்பொருளை நீக்கிவிடும். பிறகு அந்த யந்திரத்தின் உழைப்பைக் கொண்டு மொனேரோ என்ற மின்நாணயத்தைத் தன் எஜமானனுக்குச் சம்பாதித்துக் கொடுக்கும். இருபது லக்ஷம் டாலருக்கு மேல் சம்பாதித்ததாகக் கணக்கிட்டார்கள்.

இதைவிட நயவஞ்சகமானது 2024-இல் நடந்தது. ரஷ்யப் பாதுகாப்புக் கம்பெனியான காஸ்பர்ஸ்கியார் அதை வெளிப்படுத்தினார்கள். பிரபல விளையாட்டுக்களின் ரீபேக் மூட்டைகளைச் செப்டம்பர் மாதத்திலேயே எவரோ பரப்பிவிட்டார்கள். ஜனங்கள் இறக்கினார்கள், ஆடினார்கள்; ஒரு விபரீதமும் இல்லை. டிசம்பர் 31-ஆம் தேதி, உலகம் புது வருஷக் கொண்டாட்டத்தில் இருந்தபோது, மூட்டைக்குள் உறங்கிய பூதம் விழித்துக்கொண்டு மொனேரோ தோண்டத் தொடங்கிற்று. அதிகமாகப் பாதிக்கப்பட்டது ரஷ்யாதான். வலுவான யந்திரங்களில் மட்டுமே வேலை செய்யும்படி அதை அமைத்திருந்தார்கள். நோஞ்சான் மாட்டை எவன் ஏரில் பூட்டுவான்?

நம் நண்பர் வீட்டில் இரவு முழுவதும் உழுதுகொண்டிருந்ததும் இதே ஜாதிப் பூதந்தான். ஆள் இல்லாதபோது உழைக்கும். ஆள் வந்தால் கண்ணை மூடித் தூங்குவதுபோல் நடிக்கும். காரணம் இருக்கிறது. ஐந்து மணி நேரம் விசிறி இரைந்து மூட்டை அவிழும்போது, அந்த இரைச்சலில் எது விளையாட்டின் வேலை, எது பூதத்தின் வேலை என்று எவரால் சொல்ல முடியும்? அதோடு, அவிழ்ப்பதற்குமுன் காவல் மென்பொருளை நிறுத்தி வைக்கும்படியும் மூட்டைக்காரர்களில் பலர் சொல்லிவிடுகிறார்கள். காவற்காரனை வெளியே அனுப்பிவிட்டு, முகமும் பெயரும் தெரியாதவர் கட்டிய மூட்டையைக் கூடத்தில் வைத்து அவிழ்க்கிறோம். கட்டியவர் யோக்கியராகவே இருக்கலாம். ஆனால் அவர் பெயரைச் சொல்லிக்கொண்டு வேறொருவர் கட்டியிருந்தால்? முறையிடக் கடையும் இல்லை, இரசீதும் இல்லை.

திங்கட்கிழமை தெரிந்த மெக்கானிக் ஒருவரை அழைத்து யந்திரத்தைச் சுத்தம் செய்யலாமென்று ஏற்பாடு செய்துவிட்டு நாம் திரும்பினோம். பையனுக்கு மனம் பொறுக்கவில்லை. தன்னால் வந்த வினையைத் தானே தீர்க்க வேண்டுமென்று அன்றிரவே தனியாக உட்கார்ந்து முயன்றிருக்கிறான். பூதத்தைத் துடைக்கப் போய், தகப்பனாரின் மூன்று மாதக் கணக்கையும் சேர்த்துத் துடைத்துவிட்டான். மறுநாள் வகுப்பில் அவன் கண்கள் சிவந்திருந்தன.

இரண்டாவது கேள்வி

"காசு இல்லாதவன் என்ன ஸார் செய்வது?"

ஒரு வாரம் யோசித்து நாம் அவனுக்குச் சொன்ன பதில் இதுதான்.

"ஏழை ஆடக்கூடாது என்று நாம் சொல்லவில்லை, அப்பா. முதலில், கம்பெனியே இலவசமாகக் கொடுப்பதை எடுத்துக்கொள். 'ரெஸிடென்ட் ஈவில் 4'-இன் புதிய பதிப்புக்கு 2023-இல் ஒரு மாதிரி ஆட்டத்தை வெளியிட்டார்கள். கிராமத்துச் சண்டை முழுவதும் அதில் உண்டு. இரண்டாவது, காசே வேண்டாமென்று செய்தவர்களின் படைப்பைத் தேடு. ஸ்வீடன் தேசத்து இளைஞர்கள் செய்த 'க்ரை ஆஃப் ஃபியர்' 2013 முதல் ஸ்டீம் கடையில் இனாமாகவே இருக்கிறது. அதைப் பகலிலேயே ஆடிப் பார், இராத்திரி வேண்டாம். மூன்றாவது, பொறுமை. புதிய விளையாட்டின் விலை சில வருஷத்தில் தள்ளுபடியில் நன்றாய் இறங்கிவிடுகிறது. பழைய 'ரெஸிடென்ட் ஈவில்' மூன்றையும் 2024-இல் ஜி.ஓ.ஜி. என்னும் கடை பூட்டில்லாமலே விற்பனைக்குக் கொண்டுவந்திருக்கிறது. பருமனும் சிறிது, உன் யந்திரத்துக்கு ஐந்து மணி நேரத் தண்டனையும் இல்லை."

"அதை நீங்கள் ஆடினீர்களா, ஸார்?" என்று கேட்டான் பையன்.

உண்மையைச் சொல்லிவிடுகிறோம். இரண்டாவதை வாங்கினோம். ஏறக்குறைய இருபத்தைந்து வருஷத்துக் கடன் அது. சங்கீதம் முழுவதும் இருந்தது, கதவு கிறீச்சிட்டது. போலீஸ் ஸ்டேஷன் தாழ்வாரத்தில் ஒரு ஜன்னலுக்கு வெளியே ஏதோ ஒன்று சட்டென்று கடந்து சென்றபோது, நாற்பது வயதைத் தாண்டிய உபாத்தியாயராகிய நாம் எழுந்து போய் விளக்கைப் போட்டோம். வீட்டில் உள்ளவர்கள் என்னவென்று விசாரித்தார்கள். கொசு என்று சொல்லிவிட்டோம்.

போன வாரம் நண்பர் வீட்டுப் பக்கமாகப் போக நேர்ந்தது. விசிறி இரையவில்லை. கூடத்தில் விளக்கடியில் தகப்பனாரும் பிள்ளையும் எதிரெதிரே அமர்ந்திருந்தார்கள். கடைகளிலிருந்து திரட்டி வந்த பட்டியல்கள் நடுவில் குவிந்து கிடந்தன. அழிந்துபோன மூன்று மாதத்தையும் புதிதாக எழுதுகிறார்கள். தகப்பனார் ஒரு வார்த்தை கடிந்து பேசியதாகத் தெரியவில்லை. அதுவே பையனுக்குப் பெரிய தண்டனையாக இருந்திருக்கும். அவர் ஒவ்வொரு சீட்டாக எடுத்து வாசித்துக்கொண்டிருந்தார். பையன் புதுப் பேரேட்டில் எழுதிக்கொண்டிருந்தான்.

"சின்னாளப்பட்டிச் சேலை, பன்னிரண்டு."

"எழுதிவிட்டேன், அப்பா."

"ஷை, எட்டு."

பையன் தலை நிமிர்ந்து நம்மைப் பார்த்துச் சிரித்துவிட்டு, அந்தக் குறியை அழகாகப் போட்டான்.